வெண்பா எழுதத் தொடங்குவோருக்கு: பயிற்சியையும் உள்ளெழுச்சியையும் சொந்த வழக்கமாக்கும் முறை

கவிதை தானாக வர வேண்டும் என்று காத்திருப்பவர்களும், இலக்கணம் முழுவதையும் கரைத்துக் குடித்த பிறகே எழுத வேண்டும் என்று தள்ளிப்போடுபவர்களும் கடைசியில் ஒரே நிலையில்தான் இருக்கிறார்கள். இருவரிடமும் எழுதி முடித்த பாட்டு ஒன்றும் இல்லை. வெண்பா பழக விரும்புவோரிடம் இந்த இரண்டு தயக்கங்களும் சேர்ந்தே காணப்படுகின்றன. பாவகைகளில் கட்டுப்பாடு மிகுந்தது வெண்பா என்பதும், “காரிகை கற்றுக் கவிபாடுவதினும் பேரிகை கொட்டிப் பிழைப்பது நன்று” என்ற பழமொழியும் எழுதத் தொடங்கும் முன்பே அவர்கள் காதில் விழுந்துவிடுகின்றன. ஆனால் அந்தக் கட்டுப்பாடே புதியவருக்குப் பெரிய துணை என்பது என் உறுதியான கருத்து. உள்ளம் ஒன்றும் தராத நாளிலும் வெண்பாவில் செய்வதற்கு வேலை இருக்கும். ஒரு சொற்றொடர் எதிர்பாராமல் வந்து விழும் நாளில், அதை எங்கே வைப்பது என்று பழகிய கைக்குத் தெரிந்திருக்கும். இந்த இரண்டு வகை நாள்களையும் இணைத்து ஒரு வழக்கத்தை உருவாக்கிக்கொள்வது எப்படி என்பதை, ஒரு நாளைக்கு அரைமணி நேரம் ஒதுக்கக்கூடிய ஒருவரை மனத்தில் வைத்து எழுதியிருக்கிறேன்.

முதலில் செவி

முதல் இரண்டு வாரங்களுக்கு எதையும் எழுத வேண்டாம். திருக்குறளிலிருந்தோ நாலடியாரிலிருந்தோ நாள்தோறும் பத்துப் பாடல்களை எடுத்து, வாய்விட்டு, சீர் சீராக நிறுத்திப் படியுங்கள். பொருள் பார்த்துப் படிப்பது வேறு, ஓசை பார்த்துப் படிப்பது வேறு. இப்போது தேவைப்படுவது இரண்டாவது. வெண்பாவின் ஓசையைச் செப்பலோசை என்பார்கள். ஒருவர் கேட்க மற்றவர் விடை சொல்வது போன்ற அந்த நடை, கண்ணால் படிக்கும்போது பிடிபடாது. குறளில் 1330, நாலடியாரில் 400 என்று பாடல்களுக்குக் குறைவே இல்லை. சில நாள்களில், ஒரு சீர் தவறாக அச்சாகியிருந்தால்கூட எங்கோ தட்டுகிறது என்று செவி சொல்லத் தொடங்கும். அந்தத் தட்டல் கேட்கும் வரை அடுத்த படிக்குப் போக வேண்டியதில்லை.

மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை (1815–1876) பாடல்களைச் சொல்லிக்கொண்டே போக, மாணவர்கள் ஏட்டில் எழுதிக்கொண்டார்கள் என்று அவருடைய மாணவர் உ. வே. சாமிநாதையர் பதிவு செய்திருக்கிறார். அந்தச் சரளத்தைப் பிறவிக் கொடை என்று சொல்லிக் கடந்துவிடுவது எளிது. இளமை முதல் பழம்பாடல்கள் வாயிலும் செவியிலும் புழங்கிவந்த ஒருவருக்கே அது வாய்த்தது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

தேவையான இலக்கணம் இவ்வளவே

பழமொழியில் வரும் காரிகை, அதாவது அமிதசாகரரின் யாப்பிலக்கண நூலான யாப்பருங்கலக் காரிகையைப் பிறகு நிதானமாகப் படிக்கலாம். தொடங்குவதற்கு அசை, சீர், தளை ஆகிய மூன்றும் போதும். தனிக் குறிலோ தனி நெடிலோ, ஒற்றோடு சேர்ந்தும் சேராமலும் வந்தால் நேரசை. குறில் இரண்டு இணைந்தோ, குறிலும் நெடிலும் இணைந்தோ, அவ்வாறே ஒற்றோடும் ஒற்றின்றியும் வந்தால் நிரையசை. அசைகள் சேர்ந்தது சீர்: நேர் நேர் தேமா, நிரை நேர் புளிமா, நிரை நிரை கருவிளம், நேர் நிரை கூவிளம். இந்த நான்கின் இறுதியிலும் ஒரு நேரசை சேர்ந்தால் தேமாங்காய், புளிமாங்காய், கருவிளங்காய், கூவிளங்காய் என்று காய்ச்சீர்கள் கிடைக்கின்றன. வெண்பாவுக்கு இந்த எட்டுச் சீர்கள் போதும். மூவசையாக வந்து நிரையசையில் முடியும் கனிச்சீருக்கு அங்கே இடமில்லை.

ஒரு சீர் அடுத்த சீரோடு இணையும் முறையே தளை. வெண்பாவுக்குரிய தளையை மூன்று தொடர்களில் மனப்பாடம் செய்துவிடலாம்: மா முன் நிரை, விளம் முன் நேர், காய் முன் நேர். அதாவது மாச்சீரை அடுத்து வரும் சீர் நிரையில் தொடங்க வேண்டும். விளத்தையும் காயையும் அடுத்து வருவது நேரில் தொடங்க வேண்டும். பாடலின் கடைசிச் சீர் மட்டும் நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கு வாய்பாடுகளில் ஒன்றாக இருக்கும். நீர், பனி, காற்று, கிழக்கு என்பவை முறையே அவற்றுக்கு எடுத்துக்காட்டுகள்.

இதைக் கையில் ஏற்றிக்கொள்ள நல்ல வழி, நாள்தோறும் கண்ணில் படும் பெயர்களை அலகிட்டு, அதாவது அசை பிரித்துப் பார்ப்பதாகும். அம்மா, தம்பி, அத்தை மூன்றும் தேமா, கணவன், மனைவி இரண்டும் புளிமா, மருமகள் கருவிளம், மாமியார், மைத்துனன் கூவிளம், சித்தப்பா தேமாங்காய், பெரியப்பா புளிமாங்காய். பேருந்தில் போகும்போது ஊர்ப் பலகைகளைப் பாருங்கள்: மதுரை புளிமா, தஞ்சாவூர் தேமாங்காய், கும்பகோணம் கூவிளங்காய். திருநெல்வேலியில் நான்கு அசைகள் இருப்பதால் அது ஒரே சீராக வெண்பாவுக்குள் அடங்காது. திருநெல் என்றும் வேலி என்றும் பிரித்தால் புளிமாவை அடுத்து நேர் வந்து தளை தட்டும். ‘வாழ்திரு நெல்வேலி’ என்று முன்சொல்லோடு ‘திரு’வைச் சேர்த்துவிட்டால் கூவிளமும் தேமாங்காயுமாகச் சரியாக அமைந்துவிடும். சொல்லை இவ்வாறு சீருக்காகப் பிரிப்பதை வகையுளி என்பார்கள். இத்தகைய சிறு தீர்வுகளைத் தாமே கண்டுபிடிக்கும்போது ஏற்படும் மகிழ்ச்சியே பலரை இந்தக் கலையில் நிலைக்கச் செய்கிறது.

அவலோகிதம் போன்ற யாப்பு மென்பொருள்கள் சீரையும் தளையையும் நொடியில் காட்டிவிடும். அவற்றைப் பயன்படுத்துவதில் தவறில்லை. ஆனால் முதல் மூன்று மாதங்கள் கையால் அலகிட்ட பிறகே அவற்றில் இட்டுச் சரிபார்க்க வேண்டும் என்று வலியுறுத்துவேன்; பிழையைக் கருவி கண்டுபிடித்துக் கொடுத்தால் செவி வளராது.

குறிப்பேடு

கைக்கு அடக்கமான ஒரு குறிப்பேட்டை மூன்று பகுதியாகப் பிரித்துக்கொள்ளுங்கள். முதல் பகுதியில் அன்றாடம் கண்டதும் கேட்டதும் இடம்பெறட்டும். அதில் உவமை வேண்டாம், கருத்தும் வேண்டாம், கண்ட பொருள் கண்டபடி இருந்தால் போதும். இரண்டாம் பகுதியில் எதுகைச் சொற்களைச் சேருங்கள்: காலை, மாலை, சாலை, வேலை, ஓலை, கோலம், நீலம், மேலே என்று இரண்டாம் எழுத்து ஒத்து, முதலெழுத்தின் அளவும் ஒத்த சொற்கள். அகராதியிலிருந்து எடுக்காமல் நினைவிலிருந்தும் வாசிப்பிலிருந்தும் சேர்த்தால், அவை எழுதும் நேரத்தில் தாமாகவே நினைவுக்கு வரும். மூன்றாம் பகுதி ஈற்றடிகளுக்கு உரியது. முழுப்பாடல் இல்லாவிட்டாலும், மூன்று சீரில் முடியும் தொடர் ஒன்று மனத்தில் தோன்றினால் அதை அங்கே எழுதி வையுங்கள்.

உள்ளெழுச்சி என்பது பெரும்பாலும் இந்த மூன்றாம் பகுதியில்தான் வந்து சேர்கிறது. அது முழுப் பாடலாக வருவது அரிது. இரண்டு சீராகவோ மூன்று சீராகவோ, குளிக்கும்போதும் நடக்கும்போதும் வரும். அப்போது செய்ய வேண்டியது ஒன்றே: வந்த சொல்லை வந்த வடிவிலேயே எழுதிவிட வேண்டும். அதைத் திருத்தவோ, அங்கேயே பாடலை முடித்துவிடவோ முயன்றால் மூலச்சொல்லும் கலைந்துவிடும். கைப்பேசியில் குரலாகப் பதிந்துவைத்தாலும் சரிதான். அன்று இரவுக்குள் ஏட்டில் ஏற்றிவிட வேண்டும்.

அரைமணி நேரம்

எழுதும் நேரம் நாள்தோறும் ஒன்றாகவே இருக்கட்டும். விடியற்காலை சிறந்தது என்று பொதுவாகச் சொல்வார்கள். ஆனால் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பும் வீட்டில் அது நடக்கிற காரியமில்லை. எந்த நேரத்தில் வீடு உங்களைக் கூப்பிடாதோ அதுவே உங்கள் நேரம்.

அந்த அரைமணியில் முதல் ஐந்து நிமிடம் வாய்விட்டுப் படிப்பதற்கு. பிறகு குறிப்பேட்டைத் திறந்து, தளை தட்டாத ஓர் அடியாவது எழுதிவிட்டு எழ வேண்டும். அடி அழகாக இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. “சாவி கிடைக்காமல் சட்டைப்பை தேடினேன்” என்பது தேமா, புளிமாங்காய், தேமாங்காய், கூவிளம் என்று முறையாக அமைந்த அடி, சாவி, சட்டை என்று முதலெழுத்து ஒன்றிவரும் மோனையும் இருக்கிறது. அதில் கவிதை இல்லை என்பது உண்மையே. ஆனால் நாம் பேசும் சாதாரணச் சொற்கள் எவ்வளவு இயல்பாக இந்த யாப்புக்குள் நடக்கும் என்பதை இத்தகைய அடிகள் காட்டிவிடுகின்றன. அது தெரியாதவர்கள்தான் வெண்பா என்றதும் ‘மாந்தர்’, ‘யாம்’, ‘ஈண்டு’ என்று பழஞ்சொற்களைத் தேடிப் போகிறார்கள்.

ஓர் அடிகூட அமையாத நாளில் ஒரு சொல்லை எடுத்து அதன் வடிவங்களை மாற்றிப் பாருங்கள். வீடு தேமா; வீட்டினுள் கூவிளம்; வீட்டுக்குள் தேமாங்காய்; மனை என்றால் நிரையசை. மழையில் புளிமா, மழையினால் கருவிளம், மழைக்காலம் புளிமாங்காய், மாரி தேமா. உள்ளம் வறண்டிருக்கும் நாளுக்கு ஏற்ற வேலை இது. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இயந்திர வேலையாகத் தோன்றினாலும், ஒரு நல்ல தொடர் கிடைக்கும் நாளில் அதைச் சிதைக்காமல் பாட்டுக்குள் அமர்த்த உதவுவது இந்தப் பயிற்சியே.

பலவற்றை ஒரே நேரத்தில் கவனத்தில் வைத்து விடை சொல்லும் அவதானக் கலையில், அவையோர் கொடுத்த ஈற்றடிக்கு அங்கேயே வெண்பா முடித்துக் கொடுப்பதும் ஒரு கூறாக இருந்தது. கேட்பவருக்கு அது அந்த நொடியில் பிறந்த பாட்டாகத் தெரியும். 1907இல் சென்னை விக்டோரியா மண்டபத்தில் சதாவதானம் (நூறு செயல்களை ஒருங்கே கவனிக்கும் அவதானம்) நிகழ்த்திய செய்குத்தம்பிப் பாவலரைப் போன்றவர்களிடம் அந்த வேகம் இருந்ததற்குக் காரணம், சொல்லும் சீரும் எதுகையும் அவர்களுக்குள் முன்பே அடுக்கப்பட்டிருந்ததுதான்.

ஒரு குறள் வெண்பா உருவாகும் விதம்

முதல் பாடலுக்குக் குறள் வெண்பாவே ஏற்றது. இரண்டு அடி, ஏழு சீர். ஓர் எடுத்துக்காட்டை அதன் திருத்தங்களோடு காட்டுகிறேன். மார்கழிக் காலையில் குளக்கரையில் நடந்துகொண்டிருந்தபோது எனக்குக் கிடைத்தது இந்த மூன்று சீர்த் தொடர்: “பாலாடை போலப் பனி.” தேமாங்காய், தேமா, மலர். காய் முன் நேரும் மா முன் நிரையும் சரியாக இருக்கின்றன; பாலாடை, பனி என்று மோனையும் அமைந்திருக்கிறது. மூன்று சீரில் மலர் வாய்பாட்டில் முடிவதால் இது ஈற்றடி என்பதில் ஐயமில்லை. ஆகவே முதலடியைத் தேட வேண்டும். அதன் இறுதிச் சீர் விளமாகவோ காயாகவோ இருக்க வேண்டும். முதல் சொல் நெடிலில் தொடங்கி இரண்டாம் எழுத்து லகர வருக்கத்தில் இருந்தால் எதுகை கிடைக்கும். ஏட்டின் இரண்டாம் பகுதியைத் திறந்தால் ‘காலை’ காத்திருக்கிறது.

முதல் முயற்சி: “காலை வயல்வெளியில் காலூன்றி நிற்குமே.” யாப்பில் குறையே இல்லை. ஆனால் பாலாடை காலூன்றி நிற்காது, அது மிதக்கும். மேலும், கண்டது குளம். வயல்வெளி சீர் நிரம்புவதற்காக வந்து நுழைந்தது. யாப்பு சரியாக இருக்கிறது என்ற நிம்மதியில் பலர் இந்த இடத்திலேயே நின்றுவிடுகிறார்கள். இங்கே நிற்கக் கூடாது. குறிப்பேட்டின் முதல் பகுதிக்குத் திரும்பி, உண்மையில் என்ன கண்டோம் என்று பார்க்க வேண்டும். காற்று தொட்டதும் குளத்தின் மேலிருந்த பனி ஒரு கரைப்பக்கமாகக் குவிந்தது. சூடான பாலை ஊதும்போது ஆடை டம்ளரின் ஓரத்துக்குப் போவதைப் போலவே இருந்தது. உவமை தோன்றியதற்குக் காரணமே அந்த அசைவுதான், அதுவோ பாட்டில் இல்லை.

இரண்டாம் முயற்சி: “காலைக் குளத்தின்மேல் காற்றூத ஒதுங்குமே.” பொருள் வந்துவிட்டது, தளை தட்டுகிறது. காற்றூத என்பது தேமாங்காய், ஒதுங்குமே நிரையில் தொடங்குகிறது. காய் முன் நிரை வந்தால் வெண்பாவுக்கு ஆகாத கலித்தளையாகிவிடும். ‘ஒதுங்குமே’ இருந்த இடத்தில் ‘நீங்குமே’ என்று வைத்தால் கூவிளமாகி யாப்பு சரியாகும். ஆனால் நீங்குவது என்றால் இல்லாமற்போவது. பனி இல்லாமற்போகவில்லை, ஓரத்தில் சேர்ந்தது. இப்படி ‘நீங்குமே’வை மறுத்து, ஓரம் என்ற சொல்லையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தபோது ‘ஓரஞ்சேர்’ என்ற வினைத்தொகை கிடைத்தது:

காலைக் குளத்தின்மேல் காற்றூத ஓரஞ்சேர்
பாலாடை போலப் பனி.

தேமா, புளிமாங்காய், தேமாங்காய், தேமாங்காய். தேமாங்காய், தேமா, மலர். காலை, காற்றூத என்று முதலடியிலும் மோனை வந்துவிட்டது. இந்தப் பாடலில் எதிர்பாராமல் வந்தவை இரண்டு: நடக்கும்போது வந்த ஈற்றடியும், மேசையில் வந்த ‘ஓரஞ்சேர்’ என்ற சீரும். முதலாவதற்கு நாம் செய்தது அதை எழுதிவைத்தது மட்டுமே. இரண்டாவது, சரியான சொல்லைத் தவிர வேறெதையும் ஏற்க மறுத்ததால் வந்தது. புதியவர்கள் பெரும்பாலும் முதல் வகையை மட்டுமே உள்ளெழுச்சி என்று எண்ணுகிறார்கள். இரண்டாம் வகைதான் பழகப் பழக அடிக்கடி வரத் தொடங்கும், அதற்காகவே மேசையில் உட்கார வேண்டியிருக்கிறது.

தேக்கம் வரும்போது

விதிகள் பழகி, வேகம் கூடிய பிறகு ஒரு தேக்கம் வரும். பாடல்கள் எளிதாக எழுதப்படும். ஆனால் படித்தால் உப்புச்சப்பில்லாமல் இருக்கும். காரணம் பெரும்பாலும் நிரப்புச் சொற்கள். தானே, அன்றோ, நன்றே, இங்கே, என்றும் ஆகியவை எந்த ஓட்டையிலும் பொருந்தும் என்பதால் கை தானாக அவற்றை நோக்கிப் போகிறது. ஒரு சொல்லை எடுத்துவிட்டுப் படியுங்கள். பொருள் சிறிதும் குறையவில்லை என்றால் அந்தச் சீர் இன்னும் எழுதப்படவில்லை என்று கொள்ளுங்கள். நன்னூல் சொல்லும் பத்துக் குற்றங்களுள் வெற்றெனத் தொடுத்தல் ஒன்று. சென்று தேய்ந்து இறுதல் இன்னொன்று. ஈற்றடியை முதலில் பிடித்துக்கொண்டு மேலே எழுதும் வழக்கம் இந்த இரண்டாவது குற்றத்திலிருந்து பெரிதும் காப்பாற்றும், ஏனெனில் பாட்டின் வலுவான இடம் முன்பே உறுதியாகிவிடுகிறது.

இரண்டு நாள் விட்டுப்போனால் மூன்றாம் நாள் இரட்டிப்பாக எழுதி ஈடுகட்ட முயல வேண்டாம். வழக்கமான அரைமணி நேரமே போதும். எழுதிய பாடலைக் குறைந்தது பத்து நாள் மூடிவையுங்கள். பழைய வடிவங்களை அழிக்காமல் தேதியிட்டு வையுங்கள். மேலே காட்டிய ‘நீங்குமே’ போன்ற, ஒரு பாட்டில் மறுத்த சொல் இன்னொரு பாட்டுக்குச் சரியாக அமைவது உண்டு.

பிறகு, யாப்பு தெரியாத ஒருவரிடம் பாடலைக் கொடுத்து வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். நீங்கள் படித்துக் காட்டினால் குறைகளை உங்கள் குரலே மூடிவிடும். அவர் எங்கே தயங்குகிறாரோ அங்கே சொல்லோ புணர்ச்சியோ சிக்கலாக இருக்கிறது. அவருடைய கருத்தைக் கேட்பதைவிட அந்தத் தயக்கத்தைக் குறித்துக்கொள்வதே அதிகம் பயன்படும்.

எப்படி வந்தது என்ற பதிவு

இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் கடைப்பிடிக்க முடியுமென்றால் இதைக் கடைப்பிடியுங்கள். ஒவ்வொரு பாடலின் கீழும், அது எப்படி வந்தது என்று இரண்டு வரி எழுதுங்கள்: முதலில் கிடைத்தது எந்தச் சீர், எங்கே இருந்தபோது கிடைத்தது, எந்த இடத்தில் நின்றுபோனது, எதைச் செய்ததும் மீண்டும் நகர்ந்தது. முப்பது நாற்பது பாடல்கள் சேர்ந்த பிறகு அந்தக் குறிப்புகளை மட்டும் ஒரே மூச்சில் படியுங்கள். சிலருக்கு எப்போதும் ஈற்றடியே முதலில் வருவது தெரியும். சிலருக்குத் தொடக்கச் சொல். சிலருக்குக் கண்ட காட்சி ஏட்டில் பல வாரம் கிடந்த பிறகே சொல்லாக மாறும். நடந்தால் வருபவர்கள் உண்டு, பிறர் பேச்சைக் கேட்டால் வருபவர்கள் உண்டு. பெரும்புலவர்களின் பழக்கங்களைப் பின்பற்றுவதைவிட, உங்களுக்கு ஏற்கெனவே நடந்துகொண்டிருப்பதை இவ்வாறு கண்டறிந்து அதற்கு இடம் செய்துகொடுப்பதே சொந்த முறை உருவாகும் வழி. ஈற்றடி முதலில் வருபவர் ஏட்டின் மூன்றாம் பகுதிக்கு அதிகப் பக்கம் ஒதுக்கட்டும். நடக்கும்போது சொல் கிடைப்பவர் எழுதும் நேரத்துக்கு முன்னால் நடையை வைத்துக்கொள்ளட்டும்.

குறள் வெண்பா இயல்பாக வரத் தொடங்கியதும் நேரிசை வெண்பாவுக்குப் போகலாம். நான்கு அடி, பதினைந்து சீர். இரண்டாம் அடியின் நான்காம் சீராக, முன்னிரண்டு அடிகளின் எதுகையோடு ஒரு தனிச்சொல் வரும். புதியவருக்கு எளிய வழி, இரண்டு குறள் வெண்பாக்களைத் தனிச்சொல்லால் இணைப்பது. இதை இருகுறள் நேரிசை வெண்பா என்பார்கள். முதல் குறளின் கடைசிச் சீர் தனிச்சொல்லோடு வெண்டளையில் (முன்பு சொன்ன தளை விதிப்படி) சேராவிட்டால் ஓரிரு அசைகளைக் கூட்டிக்கொள்ளலாம். அப்படி அமைந்தால் அது ஆசிடை நேரிசை வெண்பா. மேலே கண்ட பாடலில் ‘பனி’யைப் ‘பனிவிலக’ என்று கருவிளங்காயாக நீட்டி, ‘மேலே’ என்ற தனிச்சொல்லை வைத்தால், “பாலாடை போலப் பனிவிலக – மேலே” என்று இரண்டாம் அடி நிரம்பிவிடும். பனி விலகிய குளத்துக்கு மேலே எதைக் காட்டுவது என்பதை நீங்கள் முடிவு செய்யலாம். ‘மேலே’ தேமா ஆதலால் மூன்றாம் அடி நிரையில் தொடங்க வேண்டும். கடைசி இரண்டு அடிகளுக்கு வேறு எதுகையை எடுத்துக்கொள்ளலாம். நான்காம் அடியை முதலில் எழுதிப் பாருங்கள். அது எளிதாக வந்ததா, மூன்றாம் அடியிலிருந்து இறங்கியபோது எளிதாக வந்ததா என்பதைப் பாடலின் கீழே குறித்து வையுங்கள்.